மைக்கேல் டாலியும் றெனோல்ட் அண்ணையும்

றெனோல்ட் அண்ணை யாழ்ப்பாணத்தில் குருநகர் ஆள். மொன்றியலுக்கு வந்தது 1988 தை மாதம். முதல் ஆறு வருடம் புவாண்ட்-கிளேரில் ஒரு பண்டகசாலையில் பெட்டி அடுக்கினார். எங்களில் முக்கால்வாசிப் பேர் அப்போது அந்த வேலைதான் செய்தோம். வேலை முடிந்து நாங்கள் பஸ்ஸில் வாயைப் பிளந்துகொண்டு தூங்க, அவர் ஜன்னல் பக்கம் திரும்பி பிரெஞ்சு வினைச்சொற்களை முணுமுணுத்துக்கொண்டு வருவார். எங்களுக்கு அது பகிடியாக இருந்தது. பிறகு அவருக்கு மொழிபெயர்ப்பாளர் வேலை கிடைத்தது. நீதிமன்றம், ஆஸ்பத்திரி, அகதி விசாரணை என்று எல்லா இடத்துக்கும் கூப்பிட்டார்கள். அதன்பிறகு யாரும் பகிடி பண்ணவில்லை.

அவருக்கு ஒரு பிடிவாதம் இருந்தது. சொன்னதில் ஒன்றைக் கூட்டவும் மாட்டார், குறைக்கவும் மாட்டார். ஒருமுறை எங்கள் ஆள் ஒருவர் விசாரணையில் பொறுமை இழந்து நீதிபதியைத் தமிழில் கெட்ட வார்த்தையால் ஏசிவிட்டார். றெனோல்ட் அண்ணை முகம் மாறாமல் அதையும் பிரெஞ்சில் சொன்னார். வெளியே வந்ததும் அந்த ஆள் சட்டையைப் பிடித்தார்.

"ஏன் அதைச் சொன்னனீங்கள்?"

"நான் சொல்லேல்லை. நீங்கள் சொன்னனீங்கள்."

இப்படிப்பட்ட மனிதரைத்தான் எங்கள் சனம் காட்டிக்கொடுத்தவர் என்று சொன்னது. அது பொய் என்று எனக்குத் தெரியும். முதல் நாளிலிருந்தே தெரியும். பதினெட்டு வருடம் நான் வாய் திறக்கவில்லை. என் பெயர் ஜோன்சன். இதை எழுதுவதால் இனி யாருக்கும் ஒன்றும் ஆகப்போவதில்லை என்பதும் தெரிந்துதான் எழுதுகிறேன்.

2005 ஐப்பசியில் பொலிஸார் எங்கள் ஆட்களின் சங்கம் ஒன்றின் அலுவலகத்தைச் சோதனை போட்டார்கள். இயக்கத்துக்கு ஆதரவாக வேலை செய்த சங்கம். அந்த அலுவலகத்துக்கு மேல்மாடியில் என் அம்மா பிலோமினம்மா குடியிருந்தா. அலுவலகக் கதவின் மாற்றுத் திறப்பு அவவிடம் இருக்கும். சனிக்கிழமைகளில் கூட்டித் துடைத்து, கூட்டம் நடந்தால் தேத்தண்ணி ஊற்றிக்கொடுப்பா. அவவுக்குத் தெரிந்த அரசியல் அவ்வளவுதான். சோதனை முடிந்து மூன்றாம் நாள் அம்மாவை விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். நான் கூட்டிக்கொண்டு போனேன். யாரிடமும் சொல்லவில்லை.

பொலிஸ் நிலைய நடையில் ஒரு கதிரையில் என்னை இருக்கச் சொன்னார்கள். கொஞ்ச நேரத்தில் றெனோல்ட் அண்ணை மண்ணிறக் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்தார். என்னைக் கண்டார். தெரிந்த மாதிரிக் காட்டவில்லை. அது அவர்களுடைய தொழில் ஒழுங்கு என்று அப்போது எனக்குத் தெரியாது. கொஞ்சம் கோபம்கூட வந்தது. இரண்டு மணித்தியாலம் கழித்து அம்மா வெளியே வந்தா. கார் கதவைச் சாத்திய பிறகுதான் கதைத்தா.

"படங்களைக் காட்டி இவன் ஆர், அவன் ஆர் எண்டு கேட்டாங்கள் தம்பி. எனக்குப் பயத்திலை நாக்கு வறண்டு போச்சு. எல்லாற்றை பேரையும் சொல்லத்தான் வாயைத் துறந்தனான்."

"பேந்து?"

"றெனோல்ட் தம்பி அந்தப் பொலிஸ்காரனிட்டை ஏதோ கேட்டுப்போட்டு என்னட்டைச் சொன்னார். 'அம்மா, நீங்கள் கட்டாயம் பதில் சொல்ல வேணுமோ எண்டு நான் இவரைக் கேட்டனான். தேவையில்லையாம். வழக்கறிஞரோடை கதைச்சிட்டுச் சொல்லலாமாம்.' நான் வாயை மூடியிட்டன். ஒரு பேரும் சொல்லேல்லை."

நடந்தது அவ்வளவுதான். அவர் அன்று அந்தக் கேள்வியைக் கேட்டிருக்காவிட்டால் ஏழெட்டுக் குடும்பங்கள் அலைந்திருக்கும்.

ஆனால் அவர் பின்கதவால் ஒரு பொலிஸ்காரரோடு வெளியே வந்ததை எங்கள் ஆள் ஒருவர் கண்டிருக்கிறார். அடுத்த கிழமை சங்கத்துப் பெடியன் ஒருவனைப் பிடித்தார்கள். எப்படிப் பிடித்தார்கள் என்று யாருக்கும் தெரியாது. சங்கத்தில் முன்னுக்கு நின்ற யோகேந்திரன் அண்ணை, பலசரக்குக் கடையில் நாலு பேர் கேட்க, "உள்ளுக்குப் போய்க் கதைச்சவன் ஆரெண்டு எங்களுக்குத் தெரியும்" என்றார். பெயரைச் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை. ஞாயிறு பூசைக்குள் கதை எல்லா வீட்டுக்கும் போய்விட்டது.

றெனோல்ட் அண்ணையால் மறுத்துப் பேச முடியாது. அறைக்குள் கேட்டதை வெளியே சொல்வதில்லை என்று சத்தியம் செய்த தொழில். என்னால் முடியும். ஆனால் நான் சொன்னால், அம்மா விசாரணைக்குப் போனது வெளியே வரும். பிறகு அந்தப் பழி வீடு மாறி அம்மாவின் தலையில் விழும். அம்மாவுக்கு அப்போது எழுபத்தொரு வயது. கோயிலைத் தவிர அவவுக்குப் போக்கிடம் இல்லை. நான் பேசாமல் இருந்தேன்.

ஒவ்வொரு இரண்டாம் ஞாயிறும் றெனோல்ட் அண்ணைதான் பூசையில் முதல் வாசகம் வாசிப்பவர். அந்த மாதப் பட்டியலில் அவர் பெயர் இல்லை. பூசையில் ஒருவருக்கொருவர் கைகொடுத்துச் சமாதானம் சொல்லும்போது முன்வரிசை அவர் பக்கம் திரும்பாது. கடையில் சாமானைப் பையில் போட்டுக் கொடுப்பார்கள், கதைக்க மாட்டார்கள். அடுத்த வைகாசியில் மகள் றொஷினிக்குக் கோயிலில் முதல் நன்மை எடுக்கும் சடங்கு. எங்கள் சனம் நெருங்கியிருந்த வில்லரேயில் மண்டபம் எடுத்து நூற்றைம்பது பேருக்குச் சமைத்தார்கள். வந்தவர்கள் பங்குச் சுவாமி, பக்கத்து வீட்டுப் போர்த்துக்கேயர், றொஷினியின் வகுப்பில் படித்த இரண்டு ஹெயிட்டிப் பிள்ளைகளும் தாய்மாரும். எட்டு வயதுப் பிள்ளை வெள்ளை உடுப்போடு கதவைப் பார்த்துக்கொண்டு இருந்தாளாம். மிஞ்சிய றோல்ஸையும் இறைச்சியையும் அவருடைய மனைவி யோசெப்பின் அக்கா வீடில்லாதவர்களுக்குச் சாப்பாடு கொடுக்கிற இடத்துக்குக் கொண்டுபோய்க் கொடுத்தா. நானும் போகவில்லை. அம்மாவுக்குக் காய்ச்சல் என்று சொல்லி அனுப்பினேன்.

2009 இல் நாங்கள் எல்லோரும் படங்களைப் பிடித்துக்கொண்டு தெருவில் நின்றோம். செல்லடியில் செத்த பிள்ளைகளின் படங்கள். போகிற வருகிற ஆட்கள் காப்பிக் கோப்பையோடு எங்களைப் பார்த்துக்கொண்டு போனார்கள். றெனோல்ட் அண்ணையும் ஒருநாள் வந்தார். அவருடைய அக்காவும் அக்காவின் மூன்று பிள்ளைகளும் புதுமாத்தளனில், சண்டைக்குள் அகப்பட்டிருந்தார்கள். அவர் ஒரு பதாகையைக் கையில் எடுத்தார். யாரோ வந்து அதை அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டார்கள். அடிக்கவில்லை, ஏசவில்லை, வாங்கிக்கொண்டார்கள், அவ்வளவுதான். அவர் தெருவைக் கடந்து மற்றப் பக்கம் போய், ஒரு வங்கி வாசலில் பின்னேரம்வரை நின்றார். நாங்கள் இந்தப் பக்கம் நின்று கத்தினோம். அக்காவும் பிள்ளைகளும் வெளியே வரவில்லை.

அடுத்த வருடம் அவர்கள் வில்லரேயை விட்டு நகரத்தின் மறுபக்கம், வேர்டனுக்குப் போய்விட்டார்கள். தமிழ் முகம் தெரியாத இடமாகப் பார்த்துப் போனதாக யோசெப்பின் அக்கா பிறகு சொன்னா.

அம்மா 2015 இல் காலமானா. எனக்கு அப்போது வீட்டுச் சாமான்கள் ஏற்றி இறக்குகிற வேலை. அதற்கு அடுத்த வருடம் வேர்டனில் ஒரு கிழவிக்கு அடுப்புக் கொண்டுபோனேன். கீழ்வீட்டில் அடுப்பைப் பொருத்திவிட்டு வெளியே வர, வெளிப்பக்க இரும்புப் படியில் றெனோல்ட் அண்ணை பனி கரைய உப்புத் தூவிக்கொண்டு நின்றார். மேல்வீட்டில் அவர்தான் வாடகைக்கு இருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது.

"ஜோன்சனே? அம்மா மோசம் போனதாம் எண்டு கேள்விப்பட்டன். வந்து பார்க்கேல்லை, குறை நினையாதை."

எனக்கு அந்த இடத்திலேயே அழுகை வந்துவிட்டது. அவர் வராததற்கு நான் குறை நினைப்பதாம்! மேலே கூட்டிக்கொண்டுபோய்த் தேத்தண்ணி தந்தார். அன்றிலிருந்து இரண்டு கிழமைக்கு ஒருக்கால் போய்வரத் தொடங்கினேன். 2005 ஐப்பற்றி நாங்கள் கதைக்கவில்லை.

கீழ்வீட்டுக் கிழவியின் பெயர் நோறீன் டாலி. தொலைபேசிக் கம்பெனியில் நாற்பது வருடம் வேலை செய்த ஐரிஷ்காரி. கலியாணம் கட்டவில்லை. காது கொஞ்சம் கேட்காது, வாய் நன்றாகக் கேட்கும். மேல்வீட்டுக்கு ஒரு விருந்தாளியும் வராததைக் கவனித்து, ஒருநாள் அவவாகவே றெனோல்ட் அண்ணையிடம் கேட்டிருக்கிறா: "நீ என்ன செய்தாய், உன்னுடைய ஆட்கள் உன்னை எட்டிப் பார்க்காமல் இருக்க?"

"பிழையான அறையில் சரியான வேலை செய்தேன்" என்றாராம் இவர்.

கிழவி சிரித்துவிட்டு, தன் குடும்பத்துக் கதையைச் சொன்னா.

பஞ்சத்துக்குத் தப்பிக் கப்பலேறி வந்த ஐரிஷ்காரர்கள் கால்வாய் வெட்டியும் மொன்றியல் துறைமுகத்தில் மூட்டை தூக்கியும் கிரிஃபின்டவுனில் நெருக்கியடித்துக் குடியிருந்த காலம். 1860களில் அவர்களுக்குள் ஒரு இரகசிய இயக்கம் பரவியது. ஊரில் இங்கிலாந்தின் ஆட்சியை அடிக்க முடியாவிட்டால் இங்கே அடிப்பது. அமெரிக்காவிலிருந்து படையோடு வந்து கனடாவைப் பிடித்து, அதைக் காட்டி அயர்லாந்தை விடுவிப்பது. உண்மையாகவே இரண்டு மூன்று முறை எல்லை தாண்டி வந்தும் இருக்கிறார்கள். மொன்றியலில் சங்கத்துக்குச் சங்கம் பிளவு. இயக்கத்துக்குச் சத்தியம் செய்தவர்கள் ஒரு பக்கம், வேண்டாம் என்றவர்கள் மறுபக்கம், பிரசங்கத்தில் கண்டிக்கிற சுவாமிமார் நடுவில். அரசாங்கத்துக்கு இரகசியமாக எழுதிக்கொண்டிருந்தவர்களும் ஒவ்வொரு சங்கத்துக்குள்ளும் இருந்தார்கள்.

நோறீனின் பூட்டன் மைக்கேல் டாலி மூட்டை தூக்குகிறவர். ஒரு தொழிலாளர் உதவிச் சங்கத்தின் குழுவில் இருந்தார். அந்தக் குழுவே சத்தியம் செய்த குழு. 1867 இல் பீப்பாய் செய்கிற பட்டறையொன்றில் ஒளித்துவைத்த துவக்குகளைப் பொலிஸ் எடுத்தது. யார் காட்டிக்கொடுத்தது? டாலி ஒருநாள் பொலிஸ் நிலைய வாசலில் நின்றதை யாரோ கண்டிருந்தார்கள். அவர் அங்கே நின்றது, குடிச் சண்டையில் உள்ளே போயிருந்த தம்பிக்கு ரொட்டி கொடுக்க. அதை யாரும் கேட்கவில்லை. அவர் செத்தபோது பெட்டி தூக்க ஒரு ஐரிஷ் தோள் வரவில்லை. கூலிக்குப் பிரெஞ்சுக்கார வண்டிக்காரர் நாலு பேர் தூக்கினார்கள். அதன்பிறகு டாலி குடும்பத்தில் ஒரு வழக்கம் வந்தது. பங்குனி மாதத்துப் புனித பற்றிக் ஊர்வலத்தில் அந்தக் குடும்பம் நடப்பதில்லை. நடந்தால் பக்கத்தில் யாராவது விலகுவார்கள் என்ற பயம். நூற்றைம்பது வருடம் ஆகியும், விலக ஆள் இல்லாமல் போன பிறகும், நடப்பதில்லை.

"எண்பத்தொரு வயதாகிறது எனக்கு. ஊர்வலத்தை நடைபாதையில் நின்றுகூடப் பார்த்ததில்லை" என்றா நோறீன்.

றெனோல்ட் அண்ணை அந்தக் கதைக்குள் போய் விழுந்துவிட்டார். அக்காலத்து இரகசியக் கடிதங்கள் ஒட்டாவாவில், ஆவணக் காப்பகத்தில் இருப்பதாக எங்கேயோ வாசித்திருந்தார். மொழிபெயர்ப்பு வேலையில்லாத நாட்களில் பழைய கையெழுத்தை வாசிக்கப் பழகினார். டாலி இருந்த சங்கத்தின் இப்போதைய தலைவர் றயன் என்ற முதியவரைத் தேடிப் பிடித்து, அவர் வீட்டு நிலவறைத் தகரப் பெட்டியில் கிடந்த வருகைப் பதிவைப் பக்கம் பக்கமாகப் படம் எடுத்தார். 2018 ஆவணியில் எனக்குத் தொலைபேசி எடுத்தார்.

"ஜோன்சன், உன்ரை கார் ஒட்டாவா மட்டும் ஓடுமோ? கிழவியும் வரவேணுமாம்."

போன அன்று நானும் காப்பகத்தின் வாசிப்பு மண்டபத்தில் இருந்தேன். றெனோல்ட் அண்ணை திரையில் பழைய கடிதங்களின் படச்சுருளை உருட்டிக்கொண்டே போனார். மதியம் சாப்பிடவில்லை. இரண்டு மணிபோல ஒரு கடிதத்தில் நின்றார். பொய்ப்பெயரில் எழுதப்பட்ட கடிதம். 1867 மாசி பதினாலாம் திகதிக் கூட்டத்தில் ஒன்பது பேர் இருந்தோம் என்று எழுதி, எட்டுப் பெயர்களைக் கொடுத்திருந்தான் எழுதினவன். துவக்குகள் எந்தப் பட்டறையில் என்றும் இருந்தது. அடியில் ஒரு வரி: 'டாலி என்பவன் என்னை அடிக்கடி எதிர்த்துப் பேசுகிறான். அவன் மீது கண் வைக்க வேண்டும்.'

றெனோல்ட் அண்ணை கையடக்கத் தொலைபேசியில் இருந்த வருகைப் பதிவைத் திறந்தார். அதே திகதி. ஒன்பது கையெழுத்து. எட்டும் கடிதத்தில் இருந்தவை, டாலியுடையது உட்பட. கடிதத்தில் இல்லாத ஒன்பதாவது கையெழுத்து, அதாவது எழுதினவனுடையது, சங்கத்தின் செயலாளர் ஹியூ கெனியினுடையது. டாலியைத் துரோகி என்று முதலில் எழுந்து சொன்னவர் அவர்தான் என்பது குடும்பக் கதையிலேயே இருந்தது. கிரிஃபின்டவுன் சங்கத்துக்காக உழைத்த உத்தமர் என்று கல்லறையில் வெட்டிய பெயரும் அதுதான்.

நோறீன் திரையில் விரல் வைத்து ஒவ்வொரு பெயராக எண்ணினா. இரண்டாம் முறையும் எண்ணினா. சந்தோஷப்படுவா என்று நினைத்தேன். அவ கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, "என் அப்பாவுக்கு இது தெரியாமல் போய்விட்டதே" என்றா. பிறகு, "என்னை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போங்கள்."

திரும்பி வரும்போது பின் ஆசனத்தில் தூங்கிவிட்டா. றெனோல்ட் அண்ணை முன்னால் இருந்தார். பாதி வழியில் ஹோக்ஸ்பரியைத் தாண்டினோம்.

"கனடாவைப் பிடிச்சு அயர்லாந்தை மீட்கிறதாம்," என்றார் திடீரென்று. சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்தினார். "சிரிக்கக் கூடாது. அங்கை சனம் சாக, இங்கை இருந்து என்னதான் செய்யிறது? கையிலை அம்பிடுறவனைப் பிடிச்சு அடிக்கிறதுதான்."



றயன் நல்ல மனிதர். கடிதத்தின் பிரதியைப் பார்த்ததும் மன்னிப்புக் கேட்டு அறிக்கை எழுத ஒத்துக்கொண்டார். விக்டோரியா பாலத்தடியில் ஒரு பெரிய கருங்கல் இருக்கிறது. 1847 இல் கப்பல் காய்ச்சலில் செத்த ஆறாயிரம் ஐரிஷ்காரருக்கான கல். வருடா வருடம் வைகாசியில் அவர்களுடைய சங்கம் அங்கே நடந்துபோய்ப் பூ வைக்கும். அதில் அறிக்கையை வாசிப்பதாகச் சொன்னார்.

2019 வைகாசியில் நாங்கள் போனோம். நோறீனைச் சக்கர நாற்காலியில் வைத்து நான் தள்ளினேன். அவவுடைய வாழ்க்கையில் முதல் ஊர்வலம். பச்சைக் கம்பளிச் சால்வை போட்டிருந்தா. சங்கத்தில் மிச்சமிருந்தது பதினொரு பேர். பாதிப் பேர் கைத்தடியோடு. அந்தக் கல் இரண்டு தெருக்களுக்கு நடுவில் இருக்கிறது. இரண்டு பக்கமும் துறைமுகத்துக்குப் போகிற வருகிற கொள்கலன் லொறிகள். தூறல் வேறு. றயன் கடதாசியை விரித்து வாசிக்கத் தொடங்கினார். ஒலிவாங்கி இல்லை. அவருக்கு எண்பத்துநாலு வயது. குரல் வாயை விட்டு இறங்குவதற்குள் லொறி அதை எடுத்துக்கொண்டு போனது.

"தொடங்கிவிட்டாரா?" என்று நோறீன் கேட்டா.

றெனோல்ட் அண்ணை றயனுக்குப் பக்கத்தில் போய் நின்றார். ஒரு வசனத்தைக் கேட்டு, நாற்காலிக்கு வந்து, குனிந்து கிழவியின் காதுக்குள் சொன்னார். திரும்பப் போனார், கேட்டார், வந்தார். றயனும் விளங்கிக்கொண்டு வசனத்துக்கு வசனம் நிறுத்தினார். ஆங்கிலத்திலிருந்து ஆங்கிலத்துக்கு அவர் செய்த மொழிபெயர்ப்பு அது. வழக்கம்போல ஒன்றும் கூட்டவில்லை, குறைக்கவில்லை. 'மைக்கேல் டாலி எவரையும் காட்டிக்கொடுக்கவில்லை' என்ற வசனம் வந்தபோது மட்டும் அவருக்கு இரண்டு முறை தொடங்கவேண்டியிருந்தது.

முடிந்ததும் பதினொரு பேரும் வரிசையாக வந்து நோறீனின் கையைக் குலுக்கினார்கள். அதில் ஒரு பெண் என்னிடம் மெல்லக் கேட்டா: "மன்னிக்கவும், இது எதைப் பற்றி? ஒன்றும் கேட்கவில்லை."

வீட்டில் நோறீன் எங்களுக்குப் பழக் கேக் வெட்டித் தந்தா. கத்தியைத் துடைத்து வைத்துவிட்டு, "நான் கோபமாக இருக்கவேண்டும் என்று நினைக்கிறேன்," என்றா. "யாரோடு கோபிப்பது? எல்லோரும் செத்துவிட்டார்களே." அதற்கடுத்த மாசியில், பெருந்தொற்று தொடங்குவதற்குக் கொஞ்சம் முன்னர், அவவும் செத்துப்போனா. பெட்டி தூக்கிய ஆறு பேரில் றெனோல்ட் அண்ணையும் நானும் இரண்டு பேர்.

கருங்கல்லுக்குப் போன அன்று பின்னேரம், றெனோல்ட் அண்ணையின் மேல்வீட்டுப் படி இறங்கும்போது நான் அவரிடம் சொன்னேன்.

"அண்ணை, நான் சொல்லப்போறன்."

"என்னத்தை?"

"அண்டைக்கு அம்மா எனக்குக் காருக்குள்ளை சொன்னதை. கோயிலிலை, எல்லாருக்கும்."

அவர் படியில் இருந்துவிட்டார். "அம்மா உனக்கு என்ன சொன்னவ எண்டு எனக்குத் தெரியாது. எனக்குச் சொல்லவும் வேண்டாம்."

"அண்ணை..."

"நீ சொன்னால் சனம் என்னட்டை வந்து கேக்கும். நான் ஓமெண்டும் சொல்லமாட்டன், இல்லையெண்டும் சொல்லமாட்டன். பேந்து உன்ரை அம்மாவைத்தான் பிடிப்பினம். உயிரோடை இருக்கிற நானே பதில் சொல்ல ஏலாமல் இருக்கிறன். செத்தவ எப்பிடிச் சொல்லுவா?"

அந்தப் பேச்சில் இன்னும் ஐந்து வருடம் போய்விட்டது. பயம் அல்ல, வெட்கம்தான் பிடித்துவைத்தது என்று இப்போது நினைக்கிறேன். இத்தனை வருடம் தெரிந்தும் ஏன் பேசவில்லை என்று ஒருவர் கேட்டுவிடுவாரோ என்ற வெட்கம்.

போன வருடம் வில்லரேயில் ஒரு செத்தவீடு. அடக்கம் முடிந்து மண்டபத்தில் தேத்தண்ணி. யோகேந்திரன் அண்ணை ஒரு மூலையில் தனியே இருந்தார். மகன் ரொறொன்ரோவில். இவருக்குச் சிறுநீரகம் பழுது, கிழமைக்கு மூன்று நாள் இரத்தச் சுத்திகரிப்பு. பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா, திறப்பு, படங்கள், றெனோல்ட் அண்ணை கேட்ட கேள்வி. சொல்லி முடிய என் தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது.

அவர் கேட்டு முடித்துவிட்டு, "அது எனக்குத் தெரியும் ஜோன்சன்," என்றார்.

"எப்ப தெரியும்?"

"அடுத்த வருசமே தெரியும். அந்தப் பெடியனை என்னெண்டு பிடிச்சவங்கள் எண்டு வழக்கறிஞர் விளங்கப்படுத்தினவர். அவன்ரை போனிலை இருந்துதான் எல்லாம் எடுத்தவங்கள். ஒருத்தரும் காட்டிக்குடுக்கேல்லை."

"அப்ப ஏன் சொல்லேல்லை?"

"ஆருக்குச் சொல்லுறது? அந்த நேரம் எல்லாரும் ஆரையாவது தேடிக்கொண்டு நிண்டவை. இவன் இல்லையெண்டு சொன்னால் அப்ப ஆர் எண்டு கேப்பினம்." கொஞ்ச நேரம் இருமினார். "பேந்து 2009 வந்துது. அதுக்குப் பிறகு எதைக் கதைச்சு என்ன?"

"இப்ப வந்து அவரிட்டை ஒரு வார்த்தை சொல்லுங்கோ. நான் காரிலை கூட்டிக்கொண்டு போறன்."

"வேர்டனிலை அந்த இரும்புப் படியோ? என்னாலை ஏற ஏலாது தம்பி."

அது உண்மைதான். அவரால் மண்டப வாசல் படியே இறங்க முடியவில்லை. இரண்டு பேர் பிடித்துத்தான் இறக்கினார்கள். அவர் மேல் கோபப்படலாம் என்று போனவன், அவருடைய செருப்பைக் குனிந்து சரிசெய்துவிட்டு வந்தேன்.

மண்டபத்தில் இளம் ஆட்கள் சிலருக்கும் சொல்லிப் பார்த்தேன். மரியாதையாகக் கேட்டார்கள். "எந்த றெனோல்ட் அங்கிள்?" என்றார்கள்.

கடைசியாக றொஷினியிடம் போனேன். அவளுக்காவது தெரியவேண்டும் என்று நினைத்தேன். அவள் இப்போது ஒரு கார்டறியில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கிற வேலை செய்கிறாள். கணவன் கியூபெக்காரன். தமிழ்க் கோயிலுக்கு வருவதில்லை, தமிழும் தட்டுத்தடுமாறித்தான். வேலை முடிந்து வர, வாசலில் காத்திருந்து சொன்னேன். குளிரில் நின்றபடியே கேட்டாள். நான் அழுதேன். அவள் அழவில்லை.

"அம்மாவுக்குத் தெரியுமா?"

"இல்லை. யோசெப்பின் அக்கா ஒருநாளும் கேக்கேல்லையாம்."

"அப்பா எங்களுக்குக்கூடச் சொல்லேல்லை." பிரெஞ்சில் ஏதோ சொல்லிவிட்டு, பிறகு தமிழில் தேடித் தேடிச் சொன்னாள். "ஒரு வார்த்தை, மாமா. வீட்டுக்குள்ளை, எனக்கு மட்டும். நான் இவ்வளவு காலம் அப்பா செய்தவர் எண்டுதான் நினைச்சனான். செய்தாலும் என்ரை அப்பா எண்டு நினைச்சு நினைச்சு இருந்தனான். எனக்குச் சொல்லியிருக்கலாம்."

"அவர் சத்தியம் பண்ணினவர் மகள்."

"பிலோமினம்மா உங்கடை அம்மா, உங்களுக்குச் சொன்னவ. நான் அவற்றை மகள்," என்றாள். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். பஸ் வந்தது, ஏறிப் போய்விட்டாள்.

அன்றிரவே அவள் தகப்பனுக்குத் தொலைபேசி எடுத்திருக்கிறாள். என்ன கதைத்தார்கள் என்று எனக்குத் தெரியாது. அடுத்த முறை நான் போனபோது றெனோல்ட் அண்ணை கதவைத் திறந்தார், தேத்தண்ணி போட்டார். என்னில் கோபித்ததாகக் காட்டவில்லை. வழக்கமான கதையெல்லாம் முடிந்த பிறகு கேட்டார்.

"பிள்ளைக்கு ஏன் சொன்னனி?"

"தெரியட்டும் எண்டுதான் அண்ணை."

"முந்தி நத்தார்ப் பண்டிகைக்கு வாறவள். இந்த முறை வரேல்லை."

நான் மன்னிப்புக் கேட்டேன். அவர் கையை உயர்த்தி வேண்டாம் என்றார். யோகேந்திரன் அண்ணை சொன்னதையும் அப்போதுதான் சொன்னேன், அடுத்த வருடமே அவருக்குத் தெரியும் என்பதை. றெனோல்ட் அண்ணை என் கோப்பையில் இன்னும் கொஞ்சம் தேத்தண்ணி ஊற்றினார். கோபப்படுவாரா என்று முகத்தைப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை.

"கிழமைக்கு எத்தினை நாள் ரத்தம் சுத்தம் செய்யினம்?" என்று கேட்டார்.

"மூண்டு நாள்."

"அங்கை தமிழ் தெரிஞ்ச ஆக்கள் ஆரும் இருக்கினமோ? அவருக்குப் பிரெஞ்சு சரிவராது."

இல்லை என்றேன். எந்த ஆஸ்பத்திரி, எந்தெந்த நாள் என்று கேட்டு அவர் ஒரு துண்டில் எழுதிக்கொண்டார். நான் கோட்டை மாட்டிக்கொண்டு படியிறங்கி வந்தேன்.